மேடத்தின் மாடிச் செடிகள்

எங்கள் மேடத்தை நினைத்தால், வெயிலில் குத்தவைத்து மீன்பெட்டி அலசிக்கொண்டிருப்பவராகத்தான் தெரிகிறார். துறைமுகத்தை ஒட்டிய சரக்கு அலுவலகத்தில் எனக்கு மேலதிகாரி. அலுவலகம் முடிந்தால் ஏலக்கூடத்தில் கழித்துப்போட்ட தெர்மாகோல் பெட்டிகளைக் கேட்டு வாங்கிப்போவார். நாலு தண்ணீர் விட்டு உப்பை எடுத்து, அடியில் துளையிட்டு, செம்மண்ணும் நார்க்கழிவும் நிரப்புவார். சிமெண்டுத் தளத்தின் சூடு வேரைத் தாக்காமலிருக்க, ஒவ்வொரு பெட்டிக்கும் கீழே இரண்டு செங்கல்.

அவர் குடியிருந்த வாடகை மாடிவீட்டின் அறையில் அவர் கணவர் பக்கவாதத்தில் படுத்திருந்தார். பேச்சு குழறும். ஜன்னலுக்கு வெளியே தெரிந்த கனகாம்பரமும் செம்பருத்தியும்தான் அவருக்குப் பகல்பொழுது. அவற்றுக்கு ஊற்ற மேடம் குடிதண்ணீரையே குடங்களில் சேர்த்துவைப்பார். மேடம் தூங்கி நான் பார்த்ததில்லை.

ஒரு மழைக்குப் பிறகு கீழ்வீட்டுக் கூரையில் ஈரம் கசிந்தது. வீட்டுக்காரர் பெட்டிகளை எடுக்கச் சொல்லிவிட்டார். மேடம் வாதாடவில்லை.

"வேற வீடு பாத்து இவரத் தூக்கிட்டுப் போவ என் ஒடம்புல தெம்பு இல்லளா. நீ கொண்டு போ. பூத்தா போன்ல படம் அனுப்பு, அவர்ட்ட காட்டுதேன்" என்றார்.

எட்டுப் பெட்டிகளை என் பால்கனிக்குக் கொண்டுவந்தேன். வாரம் இருமுறை குழாயில் நல்ல தண்ணீர் வரும் நேரத்தில் நான் அலுவலகத்தில் இருப்பேன். வேறு வழியில்லாமல் உப்புக் கரிக்கும் போர் தண்ணீரை ஊற்றினேன். இலைகள் ஓரம் கருகின. மூன்று மாதத்தில் எல்லாம் போயிற்று. சொல்ல வாய் வரவில்லை. முன்பு எடுத்த படங்களையே மாற்றி மாற்றி அனுப்பினேன். ஒவ்வொரு முறையும் "காட்டிட்டேன்" என்று பதில் வரும். அதைப் படிக்கவே அசதியாக இருக்கும். ஓராண்டு இப்படியே போயிற்று.

மேடத்தின் கணவர் இறந்து பதினாறாம் நாள் காரியம் முடிந்த மாலை, அடுப்படியில் எனக்கு டீ ஆற்றிக்கொண்டே மேடம் கேட்டார்.

"ஒரே பூவ எத்தன மாசத்துக்குளா அனுப்புவ?"

டீயை டம்ளரில் ஊற்றினார்.

"ரெண்டாம் தடவையே எனக்குத் தெரிஞ்சிட்டு. இன்னைக்குப் பூத்ததுன்னு சொல்லித்தான் காட்டுவேன். அவருக்கும் தெரிஞ்சிருக்கும்னுதான் தோணுது. படத்தப் பாத்துட்டு என் மொகத்தப் பாப்பாரு. ஒருநாளும் ஒண்ணும் கேக்கல."

டம்ளரை என் கையில் கொடுத்துவிட்டு, சுவரில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.

மேடம் ஓய்வுபெற்றுவிட்டார்; இப்போது அலுவலகத்தில் அவருடைய நாற்காலியில் நான் இருக்கிறேன். முதுகுவலியோடு வீடு திரும்புகிறேன். மூன்று மாதத்துக்கு முன் ஒரு சிமெண்டுத் தொட்டியில் கனகாம்பரம் நட்டு, கேன் தண்ணீர் ஊற்றி வளர்த்தேன். இன்று காலை முதல் கொத்து பூத்தது. பழுத்த இலையும் பூச்சி அரித்த தண்டும் சேர்ந்தே தெரியும்படி படம் எடுத்து மேடத்துக்கு அனுப்பினேன்.

மதியம் பதில் வந்தது: "இது நெசம்."