பத்தொன்பதாவது ஆள்

ஆட்டம் முடியப் பத்து நிமிடம் இருக்கும்போது கூலிமுங் அணியின் கணக்கில் எண்பத்தேழு புள்ளிகள், டன்மோர் அணியின் கணக்கில் அறுபது. 1968 செப்டம்பர், ஆஸ்திரேலியக் கால்பந்து மாவட்ட இறுதிப் போட்டி. கூலிமுங் கோப்பையைத் தொட்டு இருபத்தாறு வருடம் ஆகியிருந்தது. கிரவுண்டைச் சுற்றி நிறுத்திய கார்களின் மேல் ஏறி நின்று கோதுமை விவசாயிகள் கத்திக்கொண்டிருந்தார்கள். அப்போது டன்மோரின் கேப்டன் ஐவன் லாஸ்கி நடு மைதானத்தில் நின்று கையைத் தூக்கினான். அம்பயரிடம் போய், "தலையை எண்ணுங்க" என்றான்.

ஒரு அணிக்குப் பதினெட்டுப் பேர். எண்ணும்போது ஒரு தலை அதிகமாக இருந்தால், அதுவரை எடுத்த புள்ளிகள் அத்தனையும் போய்விடும். எல்லோருக்கும் தெரிந்த விதிதான், ஆனால் அது நடந்து யாரும் பார்த்ததில்லை. அம்பயர் கூலிமுங் ஆட்களை வரிசையில் நிறுத்தி, ஒவ்வொருவர் தோளையும் தொட்டு எண்ணிக்கொண்டே போனார். கடைசியில் நின்ற வெர்ன் நோஸ்கேவின் தோளைத் தொட்டபோது பத்தொன்பது வந்தது.

வெர்னுக்கு இருபத்திரண்டு வயது. அந்த வருடம் முழுவதும் மாற்று ஆட்டக்காரனாக, சட்டைக்கு மேல் அப்பாவின் பழைய டிரெஸ்ஸிங் கவுனைப் போர்த்திக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தவன். அன்று டெஸ் டிரான்டருக்குத் தொடை பிடித்துக்கொண்டது. எட்டு கோல் அடித்து ஊரையே தோளில் சுமந்துகொண்டிருந்தவன் டெஸ். அந்தக் காலத்தில் வெளியே வந்தவன் மறுபடி உள்ளே போக முடியாது. அதனால் அவன் நொண்டிக்கொண்டு, முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டுதான் வந்தான். அவனுடைய பூட்ஸ் சுண்ணாம்புக் கோட்டைத் தாண்டி வெளியே விழும்வரை வெர்ன் காத்திருந்தான். கண்ணால் பார்த்த பிறகுதான் உள்ளே ஓடினான். அந்த நேரம் பார்த்துப் பந்து அந்தப் பக்கமே உருண்டது. டெஸ் திரும்பினான், கோட்டைத் தாண்டி மறுபடி உள்ளே வந்தான், பந்தை எடுத்தான், ஒன்பதாவது கோலையும் அடித்தான். ஊர் மொத்தமும் பந்தைப் பார்த்தது. டெஸ்ஸின் காலை யாரும் பார்க்கவில்லை.

எண்ணும் வரிசையில் வெர்னுக்குப் பக்கத்தில் நின்ற டெஸ், அம்பயருக்கும் கேட்கும்படி சொன்னான்: "என்னடா அவசரம் உனக்கு? நான் இன்னும் வெளியவே போகலையே."

ஸ்கோர் பலகையில் இருந்த தகடுகளை ஒவ்வொன்றாகக் கழற்றிப் பூஜ்யத்தை மாட்டினார்கள். மிச்சம் இருந்த நேரத்தில் கூலிமுங் இரண்டு கோல்தான் அடித்தது, கோலுக்கு ஆறாகப் பன்னிரண்டு புள்ளி. கோப்பை டன்மோருக்குப் போனது.

நடந்ததை வெர்ன் அந்த வாரமே சொன்னான். கோச்சிடம் சொன்னான், செயலாளரிடம் சொன்னான், மதுக்கடையில் நின்றவர்களிடம் சொன்னான். நாலாவது தடவை வாயைத் திறந்தபோது அவனுடைய அப்பாவே தடுத்தார். "நாக்கை உள்ள வை. அவன் ஒம்பது கோல் அடிச்சவன். நீ பெஞ்சு தேச்சவன். யாரை நம்புவாங்க?" அதோடு அவன் பேச்சு நின்றது. ஊரின் பேச்சு ஆரம்பித்தது.

மதுக்கடைக் கதவை அவன் தள்ளினால் போதும், உள்ளே யாராவது நிதானமாக "ஒண்ணு" என்பார்கள். அடுத்தவன் "ரெண்டு" என்பான். அவன் கல்லாவுக்கு வந்து சேர்வதற்குள் பதினெட்டு முடிந்திருக்கும். பத்தொன்பதை எல்லோரும் சேர்ந்து சொல்வார்கள். ஜாய்ஸை அவன் கல்யாணம் செய்துகொண்ட அன்று, சர்ச் வாசலில் போட்டோவுக்கு நின்ற வரிசையையும் எண்ணினார்கள். அப்பாவின் சவப்பெட்டியைத் தூக்க ஆள் கூடியபோது, "ஆறு பேர் போதும்பா, வெர்ன் இருக்கான், எதுக்கும் ஒரு தடவை எண்ணிக்கங்க" என்று ஒருவன் முணுமுணுத்தான். பாதிரியாரே குனிந்து சிரிப்பை விழுங்கினார். மகன் கிரெய்கைப் பள்ளிப் பேருந்தில் எண்ணினார்கள். அவன் பதினைந்து வயதில் பூட்ஸைக் குப்பையில் போட்டான். பதினெட்டில் பெர்த்துக்குப் போனவன் கிறிஸ்துமஸுக்குப் போன் மட்டும் செய்வான்.

வெர்ன் போகவில்லை. ஊரைவிட்டுப் போனால் ஒத்துக்கொண்ட மாதிரி ஆகிவிடும் என்று ஜாய்ஸிடம் சொன்னான். கிளப்பில் யாரும் செய்யாத வேலையையெல்லாம் செய்தான். முப்பத்தொரு வருடம், ஆட்டத்துக்கு முந்தின நாள் சுண்ணாம்பு வண்டியைத் தள்ளி மைதானத்துக்குக் கோடு போட்டவன் அவன்தான். டன்மோர் பக்கம் மட்டும் தலைவைத்தும் படுக்கவில்லை. டன்மோர் இருபது கிலோமீட்டர்தான். ஆனாலும் டிராக்டருக்கு ஒரு பெல்ட் வேண்டுமென்றால் எண்பது கிலோமீட்டர் சுற்றி வேறு ஊருக்குப் போனான். அது அவன் பழக்கம் மட்டும் இல்லை. ஆட்டம் இல்லாத நாளில் கூலிமுங்காரன் எவனும் டன்மோர்க்காரனோடு பேச மாட்டான்.

2008-இல் கிளப்புக்கு நூறு வயது. பள்ளி ஆசிரியை கிளெனிஸ் ராட்ஜன் கிளப் வரலாற்றைப் புத்தகமாக எழுதுகிறாள் என்று தெரிந்ததும், வெர்ன் இஸ்திரி போட்ட சட்டையில் அவள் வீட்டுக்குப் போனான். நாற்பது வருடத்துக்குப் பிறகு முழுக்கதையையும் ஒரே மூச்சில் சொன்னான்.

"அச்சுல வரணும், அவ்வளவுதான். என் பேரும் வரணும். நான் தப்பு பண்ணலைன்னு வரணும்."

"ரெண்டு பக்கமும் கேட்டுட்டு எழுதுறேன், வெர்ன்."

ஒரு வாரம் கழித்து அவளே கூப்பிட்டாள். "டெஸ்கிட்ட கேட்டேன். மறுக்கல. நூற்றாண்டு விருந்துல அவரே எழுந்து சொல்றாராம்."

வெர்ன் போனை வைத்துவிட்டு ஜாய்ஸைப் புது உடை வாங்கிக்கொள்ளச் சொன்னான்.

விருந்து ஞாயிற்றுக்கிழமை மதியம். கிளப் மண்டபத்தில் முந்நூறு பேர், வாட்டிய ஆட்டுக்கறி, பீர். டெஸ்ஸுக்கு அறுபத்தெட்டு வயது. மைதானத்து ஸ்டாண்டுக்கே அவன் பெயர்தான். மைக்கைப் பிடித்து, சபை அடங்கும்வரை காத்திருந்தான்.

"நாப்பது வருஷமா உங்க எல்லார்கிட்டயும் ஒரு பொய் சொல்லிட்டிருக்கேன். அறுபத்தெட்டாம் வருஷ ஆட்டத்துல நான் கோட்டைத் தாண்டிட்டேன். ரெண்டு காலும் வெளிய. அப்புறம் பந்து வந்துச்சு. பந்து வந்தா நான் என்ன பண்றது? பொண்டாட்டி கூப்பிட்டாக்கூட திரும்ப மாட்டேன், பந்து கூப்பிட்டா திரும்பிடுவேன்."

மண்டபம் அதிர்ந்தது. மேஜையைத் தட்டிச் சிரித்தார்கள். "கிழட்டு நாயே, இப்பவாவது ஒத்துக்கிட்டியே" என்று யாரோ பாசத்தோடு கத்தினார்கள். ஒருவர் எழுந்து கைதட்ட, எல்லோரும் எழுந்து கைதட்டினார்கள். கைதட்டி முடித்து அவர்கள் உட்கார்ந்த பிறகும் வெர்ன் மட்டும் நின்றுகொண்டிருந்தான். கைகுலுக்கப் போகிறான் என்று நினைத்து டெஸ்ஸும் கையை நீட்டினான்.

"என்கிட்ட மன்னிப்பு கேளு, டெஸ்."

"அதான் இப்ப சொன்னேனேப்பா."

"சொன்னே. கேக்கல."

சிரிப்பு வற்றியது. பின் மேஜையிலிருந்து ஒரு குரல் வந்தது. "உக்காருய்யா. நல்ல நாளும் அதுவுமா." இன்னொருவன், "இவனுக்கு எப்பவும் இதேதான். தப்பான நேரத்துல எந்திரிப்பான்" என்றான். மறுபடி சிரிப்பு பொங்கியது, இந்தத் தடவை இன்னும் நிம்மதியாக. ஜாய்ஸ் அவன் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தாள். அவன் உட்கார்ந்தான். முன்னால் இருந்த புத்தகத்தை எடுத்து 1968-ஐத் தேடினான். "அன்று டெஸ் டிரான்டரின் கோல் பசியை எல்லைக்கோட்டால்கூட நிறுத்த முடியவில்லை" என்று அழகாக எழுதியிருந்தாள் கிளெனிஸ். கீழே, "அவருக்குப் பதில் இறங்கிய ஒரு மாற்று ஆட்டக்காரர்" என்று இருந்தது. பெயர் இல்லை.

"இடம் பத்தல, வெர்ன்" என்றாள் அவள், அவன் கேட்காமலேயே.

அடுத்த சனிக்கிழமை அவன் காரை எடுத்துக்கொண்டு டன்மோருக்குப் போனான். ஏன் போகிறான் என்று ஜாய்ஸிடம் சொல்லவில்லை, அவனுக்கும் தெரியாது. வாசலில் டிக்கெட் எடுத்து உள்ளே போய், வேலியோரம் நின்றான். மைதானத்துச் சிற்றுண்டிக் கடையிலிருந்து ஒரு உயரமான கிழவர் இரண்டு கையிலும் பீர்க் கோப்பையோடு நேராக அவனிடம் வந்தார்.

"நீ நோஸ்கேதானே? நான் ஐவன் லாஸ்கி. பிடி, உனக்குத்தான். நாப்பது வருஷமா உனக்கு ஒரு பீர் வாங்கிக் குடுக்கணும்னு இருக்கேன்."

"நான் தப்பு பண்ணல" என்றான் வெர்ன்.

"நீ எங்கே பண்ணினே? அவன் வெளிய போனதைப் பார்த்தேன், திரும்பி வந்ததையும் பார்த்தேன். அதனாலதானே கையத் தூக்கினேன். இல்லேன்னா எனக்கெப்படித் தெரியும்? எங்க ஊர்ல பாதிப் பேர் பார்த்தாங்க."

வெர்ன் கோப்பையை வாங்கிக்கொண்டான். "ஏன் யாருமே சொல்லல?"

"யார் கேட்டா? உங்காளுங்க எங்களைப் பார்த்தா வாயைத் திறக்க மாட்டாங்க. நீ ஒருநாள் வந்து கேட்டிருந்தா அப்பவே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுத்திருப்பேன். உன்னைக் கிண்டல் பண்றாங்கன்னு கேள்விப்பட்டப்ப நாங்களும்தான் சிரிச்சோம். அது உங்க ஊர் விவகாரம்னு விட்டுட்டோம்."

மைதானத்தில் யாரோ கோல் அடித்தார்கள். சுற்றி நின்ற கார்கள் ஹாரன் அடித்து ஓயும்வரை ஐவன் காத்திருந்தார். பிறகு வேலியில் சாய்ந்துகொண்டு, நெடுநாள் நண்பனிடம் கேட்பது போலக் கேட்டார்.

"டெஸ் எப்படி இருக்கான்? என்ன ஆட்டக்காரன்யா அவன்."

வெர்ன் ஒரு மடக்கு குடித்தான்.

"நல்லா இருக்கான்" என்றான்.