இத்தாவிலும் வேலைக்கு வந்தவர்

நீல மட்டை போட்ட வரவுப் பதிவேடு ஒன்று என் மேசை லாச்சிக்குள் கிடக்கிறது. வழக்குக்குப் போய்த் திரும்பி வந்தது. ஆலையில் இப்போது விரல் வைக்கும் கருவி இருப்பதால் அதன் பின்பக்கங்கள் வெறுமையாகவே இருக்கின்றன. முன்பக்கங்களில் ஒரு பெயருக்கு நேரே நாலு மாதமும் பத்து நாளும் நான் சிவப்புப் பேனையால் போட்ட சரி அடையாளங்கள். அவ்வளவும் பொய். வெள்ளிக்கிழமை தவிர ஒரு நாளும் தவறாத பொய்.

அந்தப் பெயர், நாங்கள் எல்லோரும் அக்கா முறையில் ராத்தா என்று கூப்பிட்டவருடையது. எங்கள் அரிசி ஆலையில் அவித்த நெல்லைக் காயப்போட்ட பெண்களுக்கு அவர்தான் தலைவி. சாய்ந்தமருதிலிருந்து வருவார். சிமெந்துக் களத்தின் சூட்டில் நெல்லைக் காலால் கிளறி உள்ளங்கால் வெடித்துப்போயிருந்தது; வாய் மட்டும் நல்ல காரம். மழை இருட்டி, கணக்கெழுதும் நான் குடை தேடினால், "கிளாக்கர் தம்பி, நீங்க நனைஞ்சா காஞ்சிருவீங்க, நெல்லு நனைஞ்சா முளைச்சிரும். வந்து படங்கப் புடிங்க" என்பார். நானும் போய் நெல்லை மூடும் படங்கின் ஒரு முனையைப் பிடிப்பேன்.

அவருடைய கணவர் மவுத்தானபோது எங்கள் முதலாளி ஹாஜியார் மையித்து வீட்டுக்குப் போனார். நானும் கூடப் போனேன். கணவனை இழந்தவர் நாலு மாதம் பத்து நாள் வீட்டைவிட்டு வெளியே வராமல் இத்தா இருக்க வேண்டும். ஹாஜியார் திரைக்கு இப்பால் நின்று, "புள்ள, இத்தாவ முடிச்சிட்டு வாங்க. அதுவரைக்கும் தங்கச்சிய அனுப்புங்க. பேர வெட்ட மாட்டம், வேல ஒங்கடதான்" என்றார். வாசலுக்கு வந்ததும் என்னிடம், "ராத்தாட பேருலயே போடு" என்றார். அன்று அவர் உண்மையாகவே இரங்கினார் என்றுதான் இன்றும் நம்புகிறேன்.

அடுத்த வருடம் நெல் உலர்த்தும் இயந்திரம் வந்தது. பெண்களை நாளை முதல் வரவேண்டாம் என்றார்கள். ராத்தா எல்லோரையும் சங்கத்தில் சேர்த்துக் கல்முனையில் தொழில் நியாயசபைக்கு வழக்கைக் கொண்டுபோனார். இயந்திரம் கூடாது என்று அவர் கேட்கவில்லை. நாங்களும் ஆலையின் தொழிலாளிகள், வேறு வேலை தாருங்கள், இல்லாவிட்டால் நட்டஈடு தாருங்கள் என்றுதான் கேட்டார். அவர்கள் தொழிலாளிகளே இல்லை, நினைத்தவர் வந்து நினைத்தபோது போகும் நாட்கூலிகள் என்றார் ஹாஜியார். அப்படியல்ல, நாள் தவறாமல் வந்தவர்கள் என்பதற்குச் சங்கத்திடம் இருந்த அத்தாட்சி என் பதிவேடு.

ஆலையின் சட்டத்தரணி அதில் இத்தா மாதங்களின் பக்கங்களை விரித்து, இந்த நாட்களில் நீங்கள் வேலைக்கு வந்தீர்களா என்று மிக மரியாதையாகக் கேட்டார். வந்தேன் என்று சொன்னால் போதும் என்று சங்கத்துச் சட்டத்தரணி முதல் நாளே படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். ராத்தாவால் முடியவில்லை. "மாப்பிள மவுத்தாகி இத்தாவில இருந்தவள், களத்துல நிண்டன் எண்டு எந்த வாயால சொல்ற? வந்தது என்ட தங்கச்சி" என்றார். ஒருத்தியின் பெயரில் இன்னொருத்தி வந்து செய்யும் வேலைக்கு நிரந்தரத் தொழிலாளி எங்கே இருக்கிறார் என்று கேட்டுவிட்டு அந்தச் சட்டத்தரணி புன்னகையோடு உட்கார்ந்தார்.

பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். யார் சொல்லி இப்படி எழுதினீர்கள் என்று சங்கத்துச் சட்டத்தரணி கேட்டார். ராத்தா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். ஹாஜியார் பார்க்கவில்லை, அவருக்குத் தேவையும் இருக்கவில்லை. புது இயந்திரத்தின் பொறுப்பு எனக்குத்தான் என்று முந்திய வாரமே சொல்லியிருந்தார். "ஞாபகமில்ல" என்றேன்.

வழக்குத் தோற்றது. பெண்கள் ஹாஜியாரையும் ஏசவில்லை, என்னையும் ஏசவில்லை. ராத்தாவின் வாசலில் நின்று, "ஒரு சொல்ல மாத்திச் சொல்லியிருந்தா எங்கட வேல நிண்டிருக்கும்" என்று ஏசினார்கள். வேலையை இழந்த தங்கச்சியும் அவரோடு கதைப்பதை விட்டுவிட்டார். நான் இயந்திரத்தின் பக்கத்தில் மின்விசிறியோடு உட்கார்ந்தேன்.

நோன்பு மாதத்தில் ஹாஜியார் ஏழைகளுக்கு அரிசி கொடுப்பார். இப்போது நெல் காயப்போடாத அந்தக் களத்தில்தான் வரிசை. பெயர் பதிகிறவன் நான். இந்த வருடம் பதிவதற்குக் கொப்பி இல்லாமல் அந்த நீலப் பதிவேட்டின் வெற்றுப் பக்கங்களை எடுத்துப் போயிருந்தேன். நிமிர்ந்தால் எதிரே ராத்தா, கையில் வெறும் பையோடு. மட்டையைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டார்.

"வடிவாப் பாத்துப் போடுங்க, கிளாக்கர்," என்றார். "இந்தமுற நானேதான் வந்திரிக்கன்."

தம்பி என்று சொல்லவில்லை. நான் குனிந்து சரி அடையாளம் போட்டேன்.