ஒரிஜினல் கேம் சிடிக்கு இட்ட பொட்டு

நடைபாதையில் விற்கும் திருட்டு கேம் சிடி சாமி இருக்கும் வீட்டுக்குள் வராது என்று மகளிடம் சொல்லிவிட்டேன். அதனால் இன்று பக்கத்திலிருக்கும் ஆகுர்டியில் ஒரு கடைக்கே கூட்டிப்போனேன்.

“ஒரிஜினல் ஹை, பாபி. பழைய கேம், அதனால்தான் நூற்றைம்பது” என்று இந்தியில் என்னை அண்ணியாக்கிச் சொன்னார் கடைக்காரர். ஆயிரத்துக்கு விற்றது இப்படி இறங்குமா? சந்தேகத்தோடுதான் வாங்கினேன்.

வீட்டில் எந்தப் புதுச்சாமானுக்கும் செய்வதுபோல் சிடியைச் சாமி முன் வைத்து, குங்குமம் இட்டுக் கொடுத்தேன். கம்ப்யூட்டர் அதைப் படிக்கவில்லை.

“பாத்தியா, போலி. கிளம்பு, திருப்பிக் குடுத்துடலாம்.”

“பொட்ட ஷைனிங் சைடுல வச்சுட்டியேம்மா” என்று துடைத்துப் போட்டாள். கேம் ஓடியது.

“திருட்டு சிடியும் இப்படித்தான் ஓடும்” என்கிறார் என் கணவர்.

பழைய ஒரிஜினல் கேம் வாங்கியவர்கள் விலையைச் சொல்லுங்கள். நிம்மதியாக விளக்கேற்றுவேன்.