கடைசிச் சுருளும் காங்கேயம் காளைகளும்

1. ஆணை

1930களில் நான் தாலுகா ஆபீஸ் குமாஸ்தா. எந்தக் காகிதம் எந்தக் கட்டில் கிடக்கிறது என்பதைத் தாசில்தாரே என்னைக் கேட்டுத்தான் தெரிந்துகொள்வார். அப்போது மடகாஸ்கர் தீவிலிருந்து ரக்கோட்டோ என்ற படக்காரர் வந்தார். ஊர் ஊராகப் போய் மக்களின் வழக்கங்களைச் சினிமாவாகப் பிடிப்பவர். காங்கேயம் காளைகள் சரிவில் இறங்கி, கவலை என்னும் தோல்பறியை இழுத்துக் கிணற்றுத் தண்ணீர் இறைப்பதை எடுக்க வேண்டும் என்றார். அவரிடம் மீதமிருந்தது ஒரே ஒரு சுருள். மறுநாள் காலை போத்தனூரில் ரயிலேறாவிட்டால் கப்பல் போய்விடும்.

முறைப்படி அன்று காலையே ஊருக்கு ஆணை அனுப்பினேன். நான் அறிந்த படம், ஸ்டூடியோவில் அசையாமல் நின்று எடுத்துக்கொள்ளும் போட்டோதான். ஆகவே நான்காவது விதியாக, 'படம் பிடிக்கையில் யாரும் அசையக் கூடாது' என்று எழுதி முத்திரையும் வைத்தேன்.

2. கீழ்ப்படிதல்

பிற்பகலில் நாங்கள் போய்ச் சேர்ந்தபோது, தோட்டத்தின் சொந்தக்காரர் சென்னியப்பன் இரவல் கோட்டில் விறைத்து நின்றார். கவலை ஓட்டும் மாரப்பன் வடத்தில் கைவைத்தபடி சிலையாகியிருந்தார். பூட்டிய காளைகளின் மூக்கணாங்கயிறுகளை இருவர் இறுக்கிப் பிடித்திருந்தார்கள்.

"ஓட்டச் சொல்லுங்கள்" என்றார் ரக்கோட்டோ ஆங்கிலத்தில். சொன்னேன்.

"ஏனுங்க, அசையக் கூடாதுன்னு நீங்கதானுங்க எழுதி அனுப்புனீங்க?" சென்னியப்பனுக்கு உதடுகூட அசையவில்லை.

"இப்ப நானே சொல்றேன், அசையலாம்."

"வாயில சொன்னா ஆச்சுங்களா? முத்திரை போட்ட காயிதமுங்க. மாத்தோணும்னா இன்னொரு முத்திரை வேணுமுங்களே."

முறை அதுதான். அந்த ஊருக்கு அதைக் கற்றுக்கொடுத்தவனும் நானே. முத்திரையோ காங்கேயத்தில், ஆபீஸில் இருந்தது. வெயில் இறங்கிக்கொண்டிருந்தது.

ரக்கோட்டோ கேமராவை விட்டு நேராகப் போய், ஒரு காளையின் திமிலைக் கட்டிப்பிடித்துத் தொங்கினார். அவர் நாட்டில் வீரர்கள் அப்படிச் செய்வார்களாம். மிரண்ட காளைகள் கயிற்றைப் பிடுங்கிக்கொண்டு, தினமும் பழகிய சரிவில் இறங்கின. தண்ணீர் மேலே வந்து வாய்க்காலில் கொட்டியது.

"உட்டுப்போடாதீங்க சாமி, மிதிச்சுப்போடும்!" மாரப்பன் பின்னால் ஓடினார். ஊரே சிரித்தது.

"சுற்றுங்கள்! கைப்பிடியைச் சுற்றுங்கள்!" திமிலிலிருந்து ரக்கோட்டோ என்னைப் பார்த்துக் கத்தினார்.

எழுத்து அனுமதி இல்லாமல் பிறர் பொருளை நான் தொட்டதில்லை. அன்று கேமராவைத் தொட்டேன்.

"இனி என்னத்துக்குங்க நிக்கறது?" என்று சென்னியப்பன் கோட்டைக் கழற்றினார். மாரப்பன் காளைகளை மேலேற்றி மறுபடி ஓட்டினார், பாட்டும் எடுத்தார். சுருள் தீரும்வரை சுற்றினேன். சேறு பூசிய ரக்கோட்டோ அதைப் பொட்டலமாகக் கட்டிக்கொண்டு புறப்பட்டு, மறுநாள் காலை ரயிலேறினார்.

3. அறிக்கை

'நான்காவது விதியை முதலில் மீறியவை காளைகள் இரண்டு' என்று எழுதினேன். தாசில்தார் ஓரத்தில், 'அவற்றிடம் விளக்கம் கேட்டீரா?' என்று குறித்தனுப்பினார்.

இளையவர்களே, தெரியாத வேலைக்கு விதி எழுதுமுன், அதைச் செய்பவரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். கேட்க மனம் வராவிட்டால், முத்திரையையாவது கையோடு எடுத்துப் போங்கள்.