ஐடா டீச்சரும் கல்லறைத் தோட்டத்துத் தாழிகளும்

நெய்யாற்றின்கரை கோர்ட்டு வராந்தாவில் ஒரு வேலித் தகராறுக்குச் சாட்சி சொல்ல நின்றுகொண்டிருந்தேன். அப்போதுதான் ஐடா டீச்சரின் தங்கை செலின் போனில் கூப்பிட்டார். "சாரே, அக்கா போயிட்டா. நாளைக்குக் காலத்த அடக்கம். நம்ம சபைக் கல்லறைத் தோட்டத்திலதான் ஆக்கும்."

டீச்சருக்கு நோய் முற்றியிருந்தது எனக்குத் தெரியும். சாவுச் செய்தியை எதிர்பார்த்தே இருந்தேன். ஆனால் கல்லறைத் தோட்டம் என்ற சொல்லைக் கேட்டதும் பக்கத்தில் இருந்த பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். ஏன் என்று அவரோடு வேலை பார்த்தவர்களுக்குத் தெரியும். அவரிடம் படித்துவிட்டு வெளியூர் போன பலருக்குத் தெரிந்திருக்காது.

கேரள-தமிழக எல்லையோரக் கல்லூரி ஒன்றின் வரலாற்றுத் துறையில் நாங்கள் இருவரும் நீண்ட காலம் பக்கத்துப் பக்கத்து மேசைகளில் இருந்தோம். நான் குன்னத்துகால்காரன். அவர் கொல்லயில் ஊர்க்காரர், பழைய மிஷன் சபைக் குடும்பம். வகுப்பெல்லாம் மலையாளத்தில் எடுப்பார், என்னிடம் தமிழில் பேசுவார். பிரின்சிப்பாலிடம் சண்டை போடும்போது இரண்டும் கலந்து வரும்.

ஒரு திங்கட்கிழமை, சோற்றுப் பையிலிருந்து பானை ஓடு ஒன்றை எடுத்து என் மேசையில் வைத்தார். உள்ளே கறுப்பு, வெளியே சிவப்பு. விரல் தடிமன் இருந்தது. முந்தின நாள் அவருடைய சபையில் ஒரு பெரியவரை அடக்கம் செய்திருந்தார்கள். தோட்டத்தின் மேற்குச் சரிவில் குழி எடுத்தபோது பெரிய பானை ஒன்று உடைந்து மண்ணோடு வந்திருக்கிறது. எல்லாரும் பாட்டுப் பாடிக்கொண்டிருக்க, டீச்சர் குனிந்து அந்த ஓட்டைப் பொறுக்கியிருக்கிறார்.

"சாரே, எங்க சபைக்கு முந்தியே அந்தச் சரிவில வேற ஒரு சபை உண்டாயிருந்து," என்றார்.

அது முதுமக்கள் தாழி. இரும்புக் காலத்தில் இறந்தவர்களை வைத்துப் புதைத்த பானை. மழைநீர் அரித்த ஓரங்களில் இன்னும் சில தாழிகளின் வாய் தெரிவதை இருவரும் போய்ப் பார்த்தோம். முறையாக அகழாய்வு செய்து முடிக்கும்வரை அந்தப் பக்கம் குழி எடுக்கக் கூடாது என்று டீச்சர் சபைக் கமிட்டியிடம் கேட்டார். நானும் கூடப் போயிருந்தேன். செயலாளர் தேவதாஸ் கோபப்படவில்லை.

"டீச்சரே, இங்க பாதிப் பேருக்கு மூணு சென்ட்டுல ஆக்கும் வீடு. கிழக்குப் பக்கம் நெறஞ்சாச்சு. இனி செத்தவங்களக் கொண்டு வைக்க வேற எங்க எடம் உண்டு?"

"அங்க கிடக்கியதும் செத்தவங்கதான்," என்றார் டீச்சர்.

"அவங்களுக்கு அழ ஆள் இல்லியே."

டீச்சர் விடவில்லை. சபைக்காரர்களின் வீடு வீடாக ஏறி இறங்கினார். சொந்தச் சபையிலேயே அவரைப் பார்த்து முகம் திருப்பியவர்கள் உண்டு. கடைசியில் மழை தொடங்கும்வரை என்று ஒரு கோடையை விட்டுக் கொடுத்தார்கள். அரசு அனுமதி தாமதமாக வந்ததில் அந்தக் கோடையிலும் பாதி போயிற்று.

செம்மண் சரிவில் வெயில் ஏறும்முன் இறங்கிவிடுவோம். நான் படம் வரைவேன், அவர் சுரண்டுவார். முதல் தாழிக்குள் எலும்பு எதுவும் இல்லை. இந்த மண்ணின் புளிப்பு எலும்பைக் கரைத்துவிடும், பல் மட்டும்தான் மிஞ்சும் என்று சொல்லிக்கொண்டே சல்லடையில் அரித்தார். அரிசி மணி போல நான்கைந்து கிடைத்தன. பால் பற்கள். அவற்றோடு இரண்டு சின்னக் கிண்ணங்களும், துருப்பிடித்த ஓர் அரிவாளும் இருந்தன. பெரிய ஆள் பிடிக்கும் அரிவாள்.

"வளர்ந்த பெறகு வேணும்னு வச்சிருப்பாங்க," என்றார். நான் அதைக் குறித்துக்கொள்ளப் போனபோது கையைப் பிடித்துத் தடுத்தார். "அது நான் சொல்லியது, சாரே. மண்ணு அப்படிச் சொல்லல. அரிவாள் உண்டுன்னு மட்டும் எழுதுங்கோ."

இரண்டாவது தாழி பாதி வெளிவந்திருந்த நாளில் தேவதாஸும் இன்னொருவரும் சரிவேறி வந்தார்கள். மற்றவர் ஸ்டீபன், பாறசாலையில் டயர் கடை வைத்திருப்பவர். முந்தின நாள் மாலை அவருடைய மகன் பைக் விபத்தில் இறந்திருந்தான். ஸ்டீபன் குழியின் விளிம்பில் வந்து நின்றார்.

"டீச்சரே, அவன இங்கதான் வைக்கணும். எனக்கு வேற எடம் இல்ல."

மாதக்கணக்கில் கமிட்டியோடு வாதாடியவர் ஸ்டீபனிடம் வாதாடவில்லை. தாழியின் மேல் ஒட்டியிருந்த மண்ணைத் தூரிகையால் தள்ளினார். பிறகு என் கையைப் பிடித்து மேலே ஏறி வந்தார்.

"இங்கயே எடுங்கோ. பாதி ஆழம் ஆயாச்சு," என்றார்.

குழி வெட்டுகிறவர்கள் வந்து இறங்கினார்கள். தாழி இரண்டு வெட்டில் உடைந்தது. மறுநாள் அந்தப் பையனின் அடக்கத்தில் டீச்சர் ஸ்டீபனின் மனைவியைத் தாங்கிப் பிடித்தபடி நின்றார். அதன்பிறகு மேற்குச் சரிவை அவர் கமிட்டியிடம் கேட்கவே இல்லை. மழை வந்தது. அனுமதி காலாவதியானது.

மிச்சக் கதையும் ஆறுதலானதல்ல. கிடைத்த ஓடுகளைப் பெட்டிகளில் அடுக்கித் துறையின் பின்னறையில் வைத்திருந்தோம். பரீட்சைத் தாள்களுக்கு இடம் வேண்டும் என்று கல்லூரி அவற்றைச் சைக்கிள் ஷெட்டுக்கு மாற்றியது. நாங்கள் போய்த் திறந்தபோது அடையாளச் சீட்டுகளையும், கூடவே வைத்திருந்த என் படங்களையும் குறிப்புகளையும் கரையான் தின்றிருந்தது. எது எந்தக் குழியில், எந்த ஆழத்தில் கிடைத்தது என்று இனி யாராலும் சொல்ல முடியாது. டீச்சர் தரையில் உட்கார்ந்து நினைவிலிருந்து பிரித்துப் பார்த்தார். கொஞ்ச நேரத்தில் எல்லாவற்றையும் பெட்டிக்குள்ளேயே திரும்பப் போட்டார். "இனி இது வெறும் ஓடாக்கும், சாரே," என்றார். அறிக்கை எழுதப்படவில்லை. இந்த ஊரில் அப்படி ஓர் அகழாய்வு நடந்ததற்கு அந்தப் பழைய அனுமதித் தாளைத் தவிர இன்று எந்தப் பதிவும் இல்லை.

கடைசியாக நான் பார்த்தபோது அவர் கட்டிலில் சாய்ந்திருந்தார். சரிவு எப்படி இருக்கிறது என்று கேட்டார். நெறஞ்சிட்டு வருது என்றேன்.

டீச்சரின் அடக்கத்துக்குக் கொஞ்சம் முன்னதாகவே போனேன். மேற்குச் சரிவில் குழி எடுத்துக்கொண்டிருந்தவர்கள் மண்வெட்டியை நிறுத்திவிட்டு நின்றார்கள். குழியின் ஒரு சுவரில் தாழியின் வளைவு. தேவதாஸுக்கு இப்போது வயதாகிவிட்டது. என் பக்கத்தில் வந்து மெதுவாகக் கேட்டார்: "சாரே, என்ன செய்யணும்?"

வேறு இடம் இல்லை. ஜெபம் முடித்து வீட்டிலிருந்து கிளம்பிவிட்டார்கள் என்று யாரோ போனில் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

"எடுங்கோ," என்றேன்.

உடைந்த ஓடுகள் மண்ணோடு மேலே வந்தன. உள்ளே என்ன இருந்தது என்று நான் பார்க்கவில்லை. பாதிரியார் வந்தார், பாடினார்கள், அதே மண்ணைத் தள்ளி மூடினார்கள். ஓட்டுச் சில்லுகள் சவப்பெட்டியின் மேல் விழும் சத்தம் கேட்டது.

டீச்சருடைய பொருள் ஏதாவது வேண்டுமா என்று செலின் கேட்டார். வேண்டாம் என்றேன். டீச்சர் எனக்குக் கொடுத்தது ஒன்றுதான்: வெட்டப்பட்ட மண்ணைப் பார்க்கும் கண். பாறசாலையிலிருந்து நெய்யாற்றின்கரைக்குப் பஸ்ஸில் போகும்போது, ஜேசிபி குடைந்த குன்றுகள் வரும் இடங்களில் நான் எப்போதும் ஜன்னல் பக்கம் திரும்பிவிடுவேன். சிவப்புச் சுவரில் எங்காவது தாழியின் வாய் போல வட்டமாக ஒரு கறுப்புத் தடம் இருக்கிறதா என்று கண் தேடும். கண்டால் அடுத்த ஸ்டாப்பில் இறங்கி டீச்சருக்குப் போன் செய்வது வழக்கம். அடக்கம் முடிந்த மறுவாரம் அப்படி ஒன்றைப் பார்த்தேன். மண் அள்ளும் லாரி பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தது. நான் இறங்கவில்லை.