வேட்டியில் சிரித்த அம்மா

கொரட்டூரில் எங்கள் மாடி வீட்டுக்குக் குடிவந்த கலைஞனுக்குத் தாடிதான் முகம். பழைய புடவைகளை மொட்டைமாடிக் கொடியில் கட்டி, புரொஜெக்டர் வைத்து அவற்றின்மேல் படம் ஓட்டுவான். கேட்டால் ஞாபகம், அடையாளம் என்று ஏதோ உளறுவான். எங்கள் துணி காய இடமில்லை.

ஒரு நாள் பொழுது சாய்ந்ததும், மறுநாள் கல்யாணத்துக்கான வேட்டியை எடுக்க ஆத்திரத்தோடு மொட்டைமாடிக்குப் போனேன். வேட்டியில் ஒரு பெண்மணி வாய்விட்டுச் சிரித்துக்கொண்டிருந்தார்.

“யாருய்யா இது, என் வேட்டில?”

“செத்துப்போன எங்கம்மா, அண்ணாத்தே. மூஞ்சியே மறந்துகினு வருது. அது புடவையெல்லாம் பூப்போட்டது, ஒண்ணும் தெரியல. உன் வேட்டிலதான் தெளிவா கீது. எடுத்துடாத.”

“நாளைக்கு நான் இன்னாத்த கட்டிகினு போறது?”

“பேண்ட் போட்டுக்க.”

பேண்ட்தான் போட்டுக்கொண்டு போனேன். பிறகு அவனே வேட்டியைத் துவைத்து மடித்துக் கொடுத்தான். இன்றுவரை நான் அதைக் கட்டவில்லை. அடுத்தவன் அம்மாவை இடுப்பில் எப்படிக் கட்டுவது?