மாலை போட்ட போட்டோ

பல்லடத்து மேடைகளில் ராஜா வேஷம் கட்டியவர் என் அப்பா. நாடகம் நின்றபின் திருப்பூர் பனியன் கம்பெனியில் பேக்கிங் வேலை பார்த்துக்கொண்டே சினிமாவில் தலைகாட்டினார். தபால்காரர், பூசாரி, கான்ஸ்டபிள் என்று ஒரு வசனமோ இரண்டு வசனமோ கிடைக்கும்.

கடைசிப் படத்தில் அதுவும் இல்லை. கதாநாயகியின் செத்துப்போன அப்பாவாக, மாலையோடு தொங்கும் போட்டோவாக மட்டும் வந்தார். படப்பிடிப்பு முடிந்ததும் அந்தப் போட்டோவைக் கேட்டு வாங்கி வந்துவிட்டார்.

"ஏனுங்க, உசுரோட இருக்கற மனுசனுக்கு மாலையா?" என்று அம்மா அதைப் பிடுங்கி பீரோவுக்குப் பின்னால் ஒளித்தார்.

"எம் முன்னால நின்னுதான் அந்தப் புள்ள அழுவுது. படமே அதுலதான் நிக்குது," என்றார் அப்பா.

படம் வெளிவரும் முன்பே மாரடைப்பில் போய்விட்டார். வீட்டில் வேறு நல்ல போட்டோ இல்லை. அதற்கே நிஜ மாலை போட்டு மாட்டினோம். அந்தப் போட்டோதான் அவரைக் கொண்டுபோனது என்று அம்மா நம்பினார். ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. நானும் சினிமா என்றாலே எரிந்து விழுந்தேன்.

அடுத்த பொங்கலன்று டிவியில் அந்தப் படத்தைப் போட்டார்கள். அணைக்கப்போன என் கையை அம்மா தடுத்தார். கதாநாயகி போட்டோ முன்னால் நின்று, "என்னை விட்டுட்டுப் போயிட்டீங்களே அப்பா" என்று விம்மினாள். எங்கள் சுவரிலும் அதே போட்டோ, அதே சிரிப்பு.

அம்மா டிவி அருகே நகர்ந்து, திரையில் அந்தப் பெண்ணின் கன்னத்தைத் தொட்டார்.

"அழுவாத கண்ணு," என்றார். சொல்லும்போதே உடைந்து அழுதார்.

ஒரு வசனமும் இல்லாத அந்த வேஷத்தை அப்பா ஏன் அவ்வளவு பெருமையாகச் சொன்னார் என்று அன்றுதான் எனக்குப் புரிந்தது. அதை அவரிடம் சொல்லத்தான் முடியவில்லை.